ஒன்பதாவது ஒயர்

ஒரு ஹாலுக்கு ஒரு டியூப் லைட் போதும் என்பது என் அபிப்பிராயம். நாற்பது வருடம் வீடு வீடாக ஏறி இறங்கி ஒயர் இழுத்தவன் சொல்கிறேன், எதிரில் இருப்பவர் முகத்தைப் பார்க்கவும் சாப்பாட்டில் முடி கிடந்தால் எடுத்துப் போடவும் அந்த வெளிச்சம் தாராளம். இப்போது எல்லோருக்கும் கூரைக்குள் புதைத்து வைக்கிற வட்ட விளக்குதான் வேண்டும். விளக்கு கண்ணில் படக்கூடாதாம், வெளிச்சம் மட்டும் வரவேண்டுமாம். என் மகளும் அதையே கேட்டாள். ஒன்று இரண்டு இல்லை, எட்டு.

நடந்ததை ஆரம்பத்திலிருந்து எழுதித் தரச் சொன்னீர்கள் சார். ஆரம்பம் விளக்குதான், அதனால் அங்கிருந்து வருகிறேன். என் கையெழுத்து கொஞ்சம் கோணலாக இருக்கும், சுவரில் பென்சிலால் குறி போட்டே பழகிய கை. ஆனால் நிதானமாக எழுதுகிறேன். அவசரப்பட்ட வேலை உருப்படாது என்று என்னிடம் தொழில் கற்ற எல்லோருக்கும் சொல்லியிருக்கிறேன்.

மகளை நான் பாப்பா என்றுதான் கூப்பிடுவேன். முப்பது வயதாகிறது, பல் மருத்துவமனையில் வரவேற்பில் உட்கார்ந்து ஊரையே அதட்டியவள், எனக்குப் பாப்பாதான். அவள் அம்மா போனபோது அவளுக்கு ஆறு வயது. அதற்குப் பிறகு வீட்டில் நாங்கள் இரண்டே பேர். தலை பின்னிவிடக் கற்றுக்கொண்டேன். மூன்று ஒயரை முறுக்குகிறவனுக்கு ஜடை பெரிய வித்தை இல்லை. சாயங்காலம் வேலை முடிந்து தெருமுனை திரும்பும்போது எங்கள் ஜன்னலில் வெளிச்சம் இருக்கும். அவள் பள்ளிக்கூடம் விட்டு வந்து போட்டு வைத்திருப்பாள். இருபத்திரண்டு வருடம் அந்த ஜன்னலை வெளிச்சத்தோடு பார்த்தவன் நான்.

கல்யாணத்துக்குப் பிறகும் இரண்டு வருடம் அவளும் மாப்பிள்ளையும் என்னோடுதான் இருந்தார்கள். மாப்பிள்ளை மருந்துக்கடை வைத்திருந்தார். நல்ல மனிதர், அதை நான் மறைக்கப்போவதில்லை. வாய் ஓயாமல் பேசுவார். தலைவலி என்று சொல்லி முடிப்பதற்குள் மாத்திரையை நீட்டுவார். பிறகு அவர்கள் ஊரின் அந்தக் கோடியில் ஒரு அடுக்குமாடி வீடு பார்த்துக்கொண்டு போனார்கள். பஸ்ஸில் நாற்பது நிமிடம். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வருவோம் என்றார்கள். தவறாமல்தான் வந்தார்கள்.

அவர்கள் போன அன்று சாயங்காலம் கடைத்தெருவுக்குப் போய்விட்டுத் திரும்பி வந்து பூட்டைத் திறந்தேன். வீடு இருட்டாக இருந்தது. சுவிட்ச் எங்கே என்று எனக்குத் தெரியாதா? நான் பொருத்திய சுவிட்ச். ஆனாலும் கை சுவரைத் தடவிக்கொண்டே நின்றது. உள்ளே யாரோ இருக்கிறார்கள் என்ற பயம் இல்லை சார். யாரும் இல்லை என்ற பயம். அது வேறு மாதிரி. அன்று நான் வாசற்படியிலேயே உட்கார்ந்திருந்தேன், பக்கத்து வீட்டுக்காரர் வந்து என்ன உடம்புக்கு என்று கேட்கும்வரை. சாவியைக் காணோம் என்றேன். சாவி கையிலேயே இருந்தது. மறுநாளும் அதே பயம், அதற்கு மறுநாளும். பகலெல்லாம் ஆளாக இருப்பேன், பொழுது சாயத் தொடங்கினால் கை வியர்க்கும். நீங்கள் எத்தனையோ பேரை இந்த நாற்காலியில் உட்காரவைத்துப் பயமுறுத்தியிருப்பீர்கள். அந்தப் பயத்தில் பாதி இங்கே எனக்கு இல்லை.

பத்து நாள் கழித்துப் பாப்பா போன் பண்ணினாள். புது வீட்டில் ஃபால்ஸ் சீலிங் போட்டாகிவிட்டது, விளக்குதான் பாக்கி, இப்போதைக்கு ஒரு பல்பைத் தொங்கவிட்டுக் காலம் தள்ளுகிறோம் என்றாள்.

"வேற யாரையும் கூப்பிடமாட்டேன்பா. நீங்கதான் போட்டுத் தரணும். எட்டு லைட்டு. ஹால்ல ஆறு, நடையில ஒண்ணு, பெட்ரூம் கதவுக்கு மேல ஒண்ணு."

எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்று சொல்லத் தெரியவில்லை. நான்கு நாள் அந்த வீட்டில் வேலை. காலையில் அவர்கள் கிளம்பும்போது சாவியைக் கொடுத்துவிட்டுப் போவார்கள். சுண்ணாம்பு நூல் கட்டிக் கூரையில் கோடு போட்டு, இடைவெளி அளந்து, பென்சிலால் எட்டு வட்டம் வரைந்தேன். வட்டம் வெட்டுகிற ரம்பத்தை மெஷினில் மாட்டிக் கீழிருந்து மேலே அழுத்தினால் வெள்ளைத்தூள் முகத்தில் கொட்டும், பலகை அப்பளமாகக் கழன்று கையில் வரும். விளக்கின் இரண்டு பக்கமும் ஸ்பிரிங் காது இருக்கும். அதை மடித்துத் துளைக்குள் தள்ளிவிட்டால் உள்ளே போய் விரிந்து கூரையைக் கவ்விக்கொள்ளும். கொஞ்சம் அசந்தால் விரலையும் கவ்வும். எட்டும் ஒரே நேர்கோட்டில், நூல் பிசகவில்லை. நீங்கள் அந்த வீட்டைப் பார்த்திருக்கிறீர்கள், வேலையில் குறை சொல்ல முடியாது.

எட்டு விளக்குக்கு எட்டு ஒயர் போதும். நான் ஒன்பது இழுத்தேன்.

ஒன்பதாவது, படுக்கையறைக் கதவுக்கு மேலிருந்த விளக்குக்கு. அந்தக் கூட்டுக்குள்ளேயே சுண்டுவிரல் நகம் அளவு ஒரு சின்ன பல்பு வைத்தேன், தணல்போல மங்கலாக எரிகிற சாதி. அதற்கு ஒரு டைமர் பெட்டி, துளைக்கு உள்ளே பலகைக்கு மேல். வாரத்தில் மூன்று நாள், மாலை ஏழு மணிக்கு, இருபது நிமிடம். மற்ற ஒயர்களெல்லாம் வீட்டு போர்டுக்கு வந்தன. இது மட்டும் போர்டுக்கு வராமல், வாசலுக்கு வெளியே இருக்கும் மீட்டர் பெட்டிக்கே நேராகப் போனது. வீட்டுக்குள் எந்த சுவிட்சை இறக்கிக் கரண்டை நிறுத்தினாலும் அது எரியும்.

ஏன் என்று கேட்டீர்கள். அவள் வாழ்க்கையைக் கெடுக்கவேண்டும் என்று இல்லை சார். அவளுக்குக் கொஞ்சம் பயம் வரட்டும் என்று நினைத்தேன். நான் ஒருவனே பயந்துகொண்டிருந்தேன், பங்குக்கு ஒரு ஆள் இருந்தால் தாங்கிக்கொள்ளலாம் என்று தோன்றியது. பயந்தால் குழந்தை அப்பாவிடம்தானே ஓடிவரும்?

வேறு ஒரு பெண்ணாக இருந்தால் அந்த விளக்கைப் பார்த்து, ஏதோ ஒயர் கோளாறு என்று சொல்லிவிட்டுச் சமைக்கப் போயிருப்பாள். பாப்பா ஒயர்மேன் மகள். எட்டு வயதிலிருந்து எனக்கு போர்டில் துணை நின்றவள். எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. ஏணியில் நிற்கிறவன் "எடுத்தாச்சா?" என்று கேட்பான், கரண்டை நிறுத்தியாச்சா என்று அர்த்தம். போர்டில் நிற்கிறவர் சுவிட்சை இறக்கிவிட்டு "எடுத்தாச்சு" என்று சொல்லவேண்டும். உடனே கை வைக்கக்கூடாது. "பாத்துச் சொல்லு" என்று மறுபடி கேட்கவேண்டும். "பாத்துட்டேன், எடுத்தாச்சு" என்ற இரண்டாவது பதில் வந்தபிறகுதான் ஒயரைத் தொடலாம். இருபது வருடம் என் உயிர் அவள் குரலில்தான் இருந்தது, ஒருநாளும் அவள் தவறியதில்லை. சுவிட்சை இறக்கினால் எதுவும் எரியாது என்பது அவளுக்குச் சூரியன் உதிப்பதைப் போல நிச்சயம். அதனால்தான், இறக்கிய பிறகும் எரிகிற விளக்கு அவளுக்குக் கரண்ட் விஷயமாகத் தோன்றவில்லை. அது எனக்கு முன்கூட்டியே தெரியும். அவளை வளர்த்தவன் நான்.

முதல் போன் ஒரு செவ்வாய்க்கிழமை ஏழேகாலுக்கு வந்தது.

"அப்பா, பெட்ரூமுக்கு மேல இருக்கிற லைட்டு தானா எரியுதுப்பா. செவப்பா. சுவிட்சு போடவே இல்ல."

"போர்டுல போய் லைட்டு சுவிட்சை இறக்கும்மா."

"இறக்கிட்டேன். பக்கத்துல இருக்கிற பெரிய சுவிட்சையும் இறக்கிட்டேன். ஃபிரிட்ஜே நின்னுபோச்சு. வீடு முழுக்க இருட்டு. அது மட்டும் எரியுது."

அந்த போர்டில் அக்கம்பக்கமாக ஒரே மாதிரி இரண்டு பெரிய சுவிட்ச். இடப்பக்கம் விளக்குகளுக்கு, வலப்பக்கம் ஃபிரிட்ஜ், மிக்சி எல்லாவற்றுக்கும். இரண்டையும் இறக்கிவிட்டு அந்த இருட்டில் நின்று அவள் மூச்சு விடுவது போனில் கேட்டது. சின்ன வயதில் காய்ச்சல் வந்தால் அப்படித்தான் மூச்சு விடுவாள். எனக்கும் நெஞ்சு அடித்துக்கொண்டது. நான் வைத்த விளக்குதான், ஆனாலும் அடித்துக்கொண்டது.

"சரியா ஏழு மணிக்கு ஆரம்பிச்சுதுப்பா," என்றாள்.

அவள் அம்மாவுக்கு மூச்சு நின்றது மாலை ஏழு மணிக்கு. நான் ஏழு என்று வைத்தது அதற்காக இல்லை, சத்தியமாக. மாப்பிள்ளை கடை அடைத்து வர ஒன்பது ஆகும், பாப்பா ஆறரைக்கு வந்துவிடுவாள், நடுவில் ஒரு நேரம் வேண்டும், அவ்வளவுதான் கணக்கு. ஆனால் அவள் அப்படி எடுத்துக்கொண்டபோது நான் திருத்தவும் இல்லை.

"பயப்படாதேம்மா. கதவைப் பூட்டிட்டு இங்க வந்துடு," என்றேன்.

வந்தாள். பஸ்ஸைவிட்டு இறங்கி ஓடியே வந்திருக்கிறாள், செருப்பு ஒரு பக்கம் வார் அறுந்திருந்தது. பால் சூடு பண்ணிக் கொடுத்தேன். அவள் பழைய கட்டிலில் படுத்துத் தூங்கியபிறகு வாசலில் வந்து நின்று என் வீட்டு ஜன்னலைப் பார்த்தேன். வெளிச்சமாக இருந்தது. எத்தனையோ நாளைக்கு அப்புறம் அன்றுதான் பயமில்லாமல் தூங்கினேன்.

மூன்று மாதம் இப்படிப் போனது. வாரத்தில் இரண்டு நாள், சில வாரம் மூன்று நாள் அவள் என்னோடு இருந்தாள். இளைத்துப்போனாள். குளிக்கும்போதுகூடக் கதவைத் தாழ் போடமாட்டாள். பேசிக்கொண்டிருக்கும்போதே கண் கூரைக்குப் போய்விடும். மாப்பிள்ளை கேட்டுக்கொண்டதால் இரண்டு தடவை போய் நானே விளக்கைக் கழற்றிப் பார்த்தேன், எல்லாம் சரியாக இருக்கிறது என்று சொல்லித் திரும்ப மாட்டினேன். ஒருதடவை அது எரிகிற நேரத்திலேயே அங்கே இருக்கும்படி ஆகிவிட்டது. பாப்பா என் கையைப் பிடித்திருந்தாள். ஐந்து விரலும் பதிந்தது. இருட்டில் அந்தச் சிவப்புப் புள்ளியைப் பார்க்க எனக்கே உதறல் எடுத்தது சார். உள்ளே பல்பு, டைமர், ஒயர், எல்லாம் தெரியும். தெரிந்தும் ஒரு நிமிடம் அவள் அம்மாதான் வந்திருக்கிறாளோ, என்னைத்தான் பார்க்கிறாளோ என்று தோன்றிவிட்டது.

மாப்பிள்ளைக்கு மட்டும் பயமே கிடையாது. போனில் பாப்பா எடுத்த படத்தைப் பார்த்துவிட்டுச் சிரித்தார். "உங்க பொண்ணு பதட்டத்துல எதையோ இறக்கிட்டு எதையோ இறக்கினதா சொல்றா மாமா. எங்கயோ ரெண்டு ஒயர் ஒட்டிக்கிட்டிருக்கு. பேய்க்கு வேற வேலை இல்லையா, எங்க வீட்டுக்கு வந்து லைட்டுக்குள்ள குந்திக்கிட்டிருக்க?" அந்தப் பேச்சு பாப்பாவுக்குப் பிடிக்காது. நான் சரியாகத்தான் இறக்கினேன் என்று ஒவ்வொரு தடவையும் சண்டை போடுவாள்.

ஒரு புதன்கிழமை காலை, என் வீட்டில் டீ குடித்துக்கொண்டே அவள் சொன்னாள். "ஞாயித்துக்கெழம அவர் சீலிங்கையே பிரிச்சுப் பாக்கப்போறாராம். கூட்டுக்குப் பின்னால, பலகைக்கு மேல எல்லாம். எவ்வளவு நேரமானாலும் கண்டுபிடிக்காம விடமாட்டேன்னு சொல்லிட்டார். அது சரியாயிட்டா இனிமே உங்களுக்குத் தொந்தரவு இருக்காதுப்பா."

தொந்தரவு என்றாள். தம்ளரை நானே வாங்கிக் கழுவினேன். குழாய்த் தண்ணீர் ஓடுகிற சத்தத்தில் அவள் வேறு என்ன சொன்னாள் என்று காதில் விழவில்லை. திரும்பிப் பார்த்தபோது பையைத் தோளில் மாட்டியிருந்தாள், பல நாள் கழித்து முகம் தெளிவாக இருந்தது. எனக்குக் கை வியர்த்துவிட்டது. பொழுது சாய இன்னும் எத்தனையோ நேரம் இருந்தது, அதற்குள்ளேயே வியர்த்துவிட்டது.

வியாழக்கிழமை பகலில் அந்த வீட்டுக்குப் போனேன். வேலைக்காகக் கொடுத்த சாவி என்னிடமே இருந்தது. டைமரைக் கழற்றி எடுத்துவிடத்தான் போனேன். எடுத்திருந்தால் விளக்கு எரிவது நின்றிருக்கும், மாப்பிள்ளை சீலிங்கைப் பிரித்து ஒன்றும் கிடைக்காமல் அசடு வழிந்திருப்பார், எல்லோரும் சிரித்திருப்போம். ஏணியைப் போட்டு ஏறினேன். விளக்கை இறக்கினேன். பத்து நிமிடம் மேலே நின்றேன். அவர்கள் கட்டில் மேல் இரண்டு தலையணை ஒட்டி ஒட்டிக் கிடந்தது, அங்கிருந்து பார்த்தால் தெரியும். பிறகு விளக்கைத் திரும்ப மாட்டிவிட்டு இறங்கி வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பத்தரை மணிக்கு மாப்பிள்ளை ஏணியில் ஏறினார். எனக்கு முட்டி வலி என்று சொல்லியிருந்தேன். அவரும், "நீங்க உக்காருங்க மாமா, நீங்க ரெண்டு வாட்டி பாத்தாச்சு, இன்னைக்கு மருந்துக்கடைக்காரன் பாக்கட்டும்," என்று விளையாட்டாகச் சொன்னார். ஏணியைப் பிடித்துக்கொள்ள நான் எழுந்து போய் நின்றேன். பாப்பா அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"வேணாங்க. அதைத் தொடாதீங்க. எனக்கு என்னமோ மாதிரி இருக்கு."

"பகல் பத்தரை மணிக்கு என்ன பயம்? போ, போய் போர்டுல நில்லு. லைட்டு சுவிட்சு மட்டும் இறக்கு, ஃபிரிட்ஜ் ஓடட்டும்."

போர்டு சமையலறைக்குப் பின்னால். அங்கிருந்து ஏணி தெரியாது, குரல்தான் கேட்கும். அவள் போனாள். எங்கள் வழக்கத்தை மாப்பிள்ளை அவளிடம் கற்றுக்கொண்டிருந்தார். அதில் எனக்கு ஒரு பெருமை உண்டு.

"எடுத்தாச்சா?"

"எடுத்தாச்சு."

"பாத்துச் சொல்லு."

"பாத்துட்டேன். எடுத்தாச்சு."

நடுக்கமில்லாத குரல். சரியாகத்தான் இறக்கியிருந்தாள், இடப்பக்க சுவிட்சை. மாப்பிள்ளை விளக்கை இழுத்து இறக்கித் தொங்கவிட்டார். ஒரு கையால் கூரையின் இரும்புச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு குனிந்து என்னைப் பார்த்தார். சிரித்த முகம்.

"கை வைக்கலாமா மாமா?"

ஒயரைத் தொடுமுன் டெஸ்டர் வைத்துப் பார்ப்பது என் பழக்கம். டெஸ்டர் என் சட்டைப்பையில் இருந்தது.

"அவதான் சொல்லிட்டாளே மாப்பிள்ளை," என்றேன்.

அதில் பொய் எதுவும் இல்லை. எடுத்தாச்சு என்று நான் சொல்லவில்லை. அவள் சொல்லிவிட்டாள் என்றுதான் சொன்னேன், அவளும் சொல்லித்தான் இருந்தாள். இதை நீங்கள் குறித்துக்கொள்ளவேண்டும்.

அவர் துளைக்குள் கையை விட்டார், சத்தம் பெரிதாக ஒன்றும் இல்லை. ஏணியைப் பிடித்திருந்த கையை மட்டும் நான் எடுத்துக்கொண்டேன், எடுக்காவிட்டால் எனக்கும் ஆபத்து. அவர் விழுந்த சத்தத்துக்குத்தான் பாப்பா ஓடிவந்தாள். பார்த்தவுடன் கதவைத் திறந்துகொண்டு பக்கத்து வீடுகளுக்குப் போய்க் கத்தினாள். மாடிப்படி முழுக்க அவள் குரல் கேட்டது. இப்போதும் சில நேரம் கேட்கிறது, காதைப் பொத்தினாலும் கேட்கிறது.

நான் போர்டுக்கு ஓடினேன். கரண்டை நிறுத்தத்தான் ஓடினேன் என்று அக்கம்பக்கத்தார் வாக்குமூலம் கொடுத்திருக்கிறார்கள், தங்கமான மனிதர்கள். பாப்பா இறக்கியிருந்த இடப்பக்க சுவிட்சை மேலே தூக்கிவிட்டேன். வலப்பக்கத்தை இறக்கிவிட்டேன். பிறகு மீட்டர் பெட்டியில் ஒன்பதாவது ஒயரைப் பிடுங்கினேன், ஏணியில் ஏறிச் சின்ன பல்பையும் டைமரையும் எடுத்துப் பையில் போட்டேன், மேலே இருந்த ஒயர் முனைக்கு டேப் சுற்றி உள்ளே தள்ளினேன். எல்லாம் இரண்டு மூன்று நிமிட வேலை. அந்த நேரத்தில் மாப்பிள்ளையைத் தொட்டுப் பார்க்க எனக்குக் கை ஒழியவில்லை.

உங்களுக்கு முன்னால் இருந்த அதிகாரி வந்து போர்டைப் பார்த்தார். விளக்கு சுவிட்ச் மேலே இருக்கிறது, பக்கத்து சுவிட்ச் கீழே இருக்கிறது. மூன்று மாதமாகப் பயந்துகொண்டிருந்த பெண், பதட்டத்தில் ஒன்றுக்குப் பதில் இன்னொன்றை இறக்கிவிட்டாள். மாப்பிள்ளை அடிக்கடி சொன்னதும் அதுதான் என்று நானும் சொன்னேன். யாருக்கும் அவள்மேல் கோபம் வரவில்லை. எல்லோரும் அவளுக்காக அழுதார்கள்.

பாப்பா வீட்டுக்கு வந்துவிட்டாள்.

எட்டு மாதம். வேலைக்குப் போவதை நிறுத்திவிட்டாள். எந்த சுவிட்சையும் தொடமாட்டாள். நான் போட்டாலும் கண்ணை மூடிக்கொண்டு, "அணைச்சிடுங்கப்பா," என்பாள். ஆகவே பொழுது சாய்ந்ததும் நாங்கள் இரண்டு பேரும் இருட்டிலேயே உட்கார்ந்திருப்போம். வலது கையை மடியில் வைத்துக்கொண்டு விரல்களை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்ப்பாள். அது என்னை ரொம்பப் பயமுறுத்தியது. வீட்டில் ஆள் இருந்தும் அந்தப் பழைய பயம் எப்படித் திரும்பி வந்தது என்று எனக்கு விளங்கவில்லை.

"அப்பா, இடது பக்கம்தான் இறக்கினேன். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு."

"இருக்கும்மா."

"அப்புறம் எப்படிப்பா?"

"பயத்துல கை தவறும்மா. யாருக்கும் தவறும். நீ வேணும்னா செஞ்சே? விட்டுடு."

எத்தனை தடவை கேட்டாலும் நான் சலித்துக்கொண்டதில்லை. ஒரு தடவைகூடக் குரலை உயர்த்தியதில்லை. தலையைத் தடவிக்கொடுப்பேன். மற்ற அப்பாவாக இருந்தால் தாலியை நீயே அறுத்துக்கொண்டாயே என்று ஒரு வார்த்தை வாய் தவறி வந்திருக்கும். என்னிடமிருந்து வரவில்லை.

போன திங்கட்கிழமை அந்த வீட்டைக் காலிபண்ணித் தரவேண்டியிருந்தது. நான் போகிறேன் என்றேன். வேண்டாம், அவர் துணிமணியை நானே எடுக்கவேண்டும் என்று தனியாகப் போனாள். மத்தியானம் இரண்டு மணிக்குத் திரும்பி வந்தாள். தலையெல்லாம் வெள்ளைத்தூள். ஏணியில் ஏறியிருக்கிறாள். தொட்டால் சாவோமா என்று பார்க்கத்தான் ஏறினேன் என்று உங்களிடம் சொன்னாளாமே, எனக்குப் படிக்கக் கொடுத்த காகிதத்தில் இருந்தது. துளைக்குள் கையை விட்டிருக்கிறாள். வேண்டாத ஒரு ஒயர் கையில் வந்திருக்கிறது. இழுத்துப் பார்த்திருக்கிறாள், அது போகிற வழியே தேடிப் போனால் வாசலில் மீட்டர் பெட்டிக்குள் அதன் மறுமுனை கிடந்திருக்கிறது. முனையில் சுற்றிய டேப்பின் நுனி உள்பக்கமாக ஒரு மடிப்பு மடிந்திருந்தது. அடுத்து வருகிறவன் நகத்தால் சுரண்டாமல் பிரித்தெடுக்க வசதியாக நான் எப்போதும் அப்படி மடித்துவிடுவேன். அந்த அவசரத்திலும் கை தானாக மடித்திருக்கிறது. நல்ல பழக்கம் என்று எல்லோருக்கும், பாப்பாவுக்கும் சொல்லிக்கொடுத்தது.

வீட்டுக்குள் வந்தவள் ஜன்னலைச் சாத்தினாள். எட்டு மாதம் கழித்துத் தன் கையால் ஹால் சுவிட்சைப் போட்டாள். டியூப் லைட் எரிந்தது. எதிரில் வந்து நின்று என் முகத்தைப் பார்த்தாள், ரொம்ப நேரம் பார்த்தாள். என் வாழ்க்கையில் அவ்வளவு பயந்தது இல்லை சார். லைட்டை அணைச்சிடும்மா என்று நான்தான் சொன்னேன். அவள் அணைக்காமலேயே கதவைத் திறந்துகொண்டு போனாள். நேராக உங்களிடம்தான் வந்திருக்கிறாள் என்று அப்போது எனக்குத் தெரியாது.

கடைசியாக நீங்கள் கேட்ட அந்தக் கேள்விக்கு வருகிறேன். டைமர் பெட்டிக்கு ஒரு பிளாஸ்டிக் மூடி உண்டு. அது மூடியிருந்தால் உள்ளே கரண்ட் இருந்தாலும் கை பட்டு ஒன்றும் ஆகாது, நான்கு திருகாணி போட்டு நான்தான் மூடியிருந்தேன். அந்த மூடி என் கருவிப் பையில் எப்படி வந்தது என்று கேட்டீர்கள். வியாழக்கிழமை ஏணியில் பத்து நிமிடம் நின்றேன் என்று எழுதினேன் அல்லவா, அப்போது அதைக் கழற்றி எடுத்துக்கொண்டேன். மாப்பிள்ளை கையை உள்ளே விட்டால் முதலில் படுகிற பக்கமாகப் பெட்டியைத் திருப்பியும் வைத்தேன். ஆமாம், தெரிந்துதான் செய்தேன். யாரும் என்னைத் தூண்டவில்லை. கையெழுத்துப் போட்டுத் தருகிறேன்.

பாப்பா இங்கே வருவாள், எப்படியும் வருவாள், அவளுக்கு என்னைவிட்டால் யாரும் இல்லை. நான் தூங்கிக்கொண்டிருந்தால் எழுப்பச் சொல்லுங்கள். அதற்கு முன்னால் நீங்கள் பார்த்தால் ஒன்று மட்டும் அவளிடம் சொல்லிவிடுங்கள் சார். அன்றைக்கு போர்டில் நடந்ததற்காக அவள் மனதைப் போட்டு அலட்டிக்கொள்ளவேண்டாம், அவளை நான் எப்போதோ மன்னித்துவிட்டேன்.